இளிவரல்: ஜெர்மானிய மௌனப்படங்களும் புனேயில் விழுந்த நிழலும்

பளபளக்கும் பித்தான்கள் வைத்த கனத்த மேலங்கி. அதைப் போட்டுக்கொண்டு பெரிய ஓட்டல் ஒன்றின் வாசலில் நிற்பதுதான் அந்த முதியவரின் வேலை. வண்டியில் வந்து இறங்குகிறவர்களுக்குக் குடை பிடிப்பார், பெட்டி இறக்குவார். ஒரு மழைநாளில் கனமான பெட்டி ஒன்றைத் தூக்கிய களைப்பில் உள்ளே போய்ச் சற்று உட்காருகிறார். மேலாளர் அதைப் பார்த்துவிடுகிறார். மறுநாள் வாசலில் அதேபோன்ற மேலங்கியில் வேறொருவர் நிற்கிறார். முதியவரின் கையில் ஒரு கடிதம் தரப்படுகிறது: வயதாகிவிட்டதால் இனிமேல் கழிப்பறையில் வேலை. மேலங்கியை அவர் உடம்பிலிருந்து உரித்து எடுக்கிறார்கள். உரிக்கும்போது பித்தான் ஒன்று அறுந்து தரையில் விழுகிறது.

முர்னாவ் இயக்கி 1924 டிசம்பரில் பெர்லினில் வெளியான 'கடைசி மனிதன்' படத்தின் காட்சி இது. நான் அதை முதன்முதலாகப் பார்த்தது புனேயில். பிம்ப்ரியிலிருந்து லோக்கல் பிடித்து, காசர்வாடி, தாபோடி, கட்கி தாண்டி சிவாஜிநகரில் இறங்கி, லா காலேஜ் சாலைக்குப் போய்ப் படம் பார்த்துவிட்டு இரவு திரும்பிய காலம் அது. திரும்பும் வண்டியில் எதிர் இருக்கையில் கம்பெனிச் சீருடையோடு ஒருவர் தூங்கிக்கொண்டிருந்தார். சட்டைப்பையின் மேல் தைத்திருந்த கம்பெனி முத்திரையை ஒரு கை மூடியிருந்தது. பிம்ப்ரி-சிஞ்ச்வடில் மனிதரை அவர் போட்டிருக்கும் சட்டையின் நிறத்தை வைத்தே அடையாளம் சொல்வார்கள். இன்னார் என்று பெயர் தெரியாது, இந்தக் கம்பெனிக்காரர் என்று தெரியும். ஓய்வு பெற்று ஆறு வருடம் ஆன பின்னும் பழைய சீருடையை மாதம் ஒருமுறை இஸ்திரி போட்டு மடித்து வைக்கும் தமிழர் ஒருவர் எங்கள் குடியிருப்பில் இருந்தார். அவர் மனைவி அதைப் பற்றிப் பேசவே மாட்டார். அறுந்து விழுந்த பித்தான் எனக்கு அவரைத்தான் நினைவூட்டியது.

ஜெர்மானிய மௌனப்படங்களைப் பற்றி நூறு ஆண்டுகளாக எழுதப்பட்டு வருகிறது. அந்த எழுத்தில் மிகப் பெரும்பகுதி அச்சத்தைப் பற்றியது. கோணல் சுவர்கள், நீண்ட நிழல்கள், தூக்கத்தில் நடக்கும் கொலைகாரன், இரத்தம் குடிக்கும் பிரபு. அந்தப் படங்கள் மன வேதனையை எப்படிக் காட்டின என்ற கேள்வியும் பெரும்பாலும் இந்த அச்சத்துக்குள்ளேயே அடங்கிவிடுகிறது. அச்சம் பாதி விஷயம்தான் என்பது என் கருத்து. மீதிப் பாதிக்குத் தமிழில் நெடுங்காலமாக ஒரு பெயர் இருக்கிறது: இளிவரல், அதாவது இழிவுபட்டுக் குறுகும் நிலை.

தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியல், உள்ளத்தில் நிகழ்வது மெய்யில் தோன்றுவதைப் பற்றிப் பேசுகிறது. நகை, அழுகை, இளிவரல், மருட்கை, அச்சம், பெருமிதம், வெகுளி, உவகை என எட்டு மெய்ப்பாடுகள். ஒவ்வொன்றும் எங்கிருந்து பிறக்கும் என்று நந்நான்கு நிலைக்களன்களையும் சொல்லிவிடுகிறது. அச்சம் பிறக்கும் இடங்கள் அணங்கு, விலங்கு, கள்வர், தம் இறை, அதாவது நம்மை ஆள்பவர்கள். இளிவரல் பிறக்கும் இடங்கள் மூப்பு, பிணி, வருத்தம், மென்மை. இந்தப் பட்டியலில் என்னை வியக்கவைப்பது, உணர்ச்சியின் ஊற்றைப் பெரும்பாலும் மனிதருக்கு வெளியே வைத்திருப்பதுதான். ஒருவர் ஏன் நடுங்குகிறார் என்று கேட்டால், அவர் மூளையைத் திறந்து பார்க்கச் சொல்லவில்லை, அவர் முன்னால் யார் நிற்கிறார்கள் என்று பார்க்கச் சொல்கிறது. பேச்சில்லாத திரைப்படமும் வேறு வழியின்றி இதே இடத்துக்கு வந்துசேர்ந்தது. வேதனையை வாயால் சொல்ல முடியாது, மெய்யில்தான் காட்ட வேண்டும். மெய்யும் போதாதபோது மேலங்கியில், படிக்கட்டில், கண்ணாடியில் காட்ட வேண்டும்.

நடுங்கிய உடல்கள் முதலில் கதைப்படத்தில் தோன்றவில்லை, மருத்துவமனையில் தோன்றின. முதல் உலகப்போரில் குண்டடியே படாமல் கைகால் உதறியும், பேச்சிழந்தும், நிமிர முடியாமலும் திரும்பிய படைவீரர்களை ஜெர்மனியில் 'போர் நடுக்கக்காரர்கள்' என்றார்கள். 1916இல் ஃபிரிட்ஸ் காஃப்மன் என்ற மருத்துவர் மின்சாரம் பாய்ச்சிக்கொண்டே இராணுவக் கட்டளைகளை உரக்கச் சொல்லும் சிகிச்சையை எழுதி வெளியிட்டார். ஹாம்பர்க்கில் மாக்ஸ் நோன என்ற நரம்பியல் மருத்துவர் மனோவசியத்தால் நடுக்கத்தை நிறுத்தினார், அதைப் படமாகவும் எடுத்துவைத்தார். நடுங்கும் உடல், மருத்துவரின் கை, நடுக்கம் நின்ற உடல், அவ்வளவுதான் படம். அதில் நோயாளிகள் அரைகுறை ஆடையில் நிற்கிறார்கள். ஆடையைக் களையச் செய்வது மருத்துவருக்குக் கட்டுப்படும் மனநிலையை உண்டாக்கும் என்று நோனவே எழுதியிருக்கிறார். முர்னாவின் முதியவரிடமிருந்து மேலங்கியை உரிக்கும் காட்சிக்குப் பக்கத்தில் இதை வைத்துப் பார்க்காமல் இருக்க என்னால் முடியவில்லை. பிணி வந்தவரைத் துகிலுரித்துத்தான் குணப்படுத்த முடியும் என்று நம்பிய மருத்துவத்தோடு பிறந்தது இந்தத் திரைப்பட மரபு.

போர் முடிந்த கையோடு 1919இல் ராபர்ட் ரைனர்ட் 'நரம்புகள்' என்ற படத்தை எடுத்தார். ஒரு நாடே நரம்பு தளர்ந்து கிடக்கிறது என்பதுதான் அதன் சேதி. பிரமைகளுக்கு ஆளாகும் தொழிலதிபர், தெருக்கலவரம், பொய்ச்சாட்சி எல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக வந்து விழும். தனி மனிதரின் வேதனையும் தெருவின் கொந்தளிப்பும் ஒரே நோய் என்று காட்ட முயன்ற துணிச்சல் அதில் உண்டு. முழுப் பிரதி கிடைக்கவில்லை, எஞ்சிய துண்டுகளிலிருந்து மியூனிக் திரைப்பட அருங்காட்சியகம் அதை மீட்டெடுத்தது. அதே ஆண்டில் ரிச்சர்ட் ஓஸ்வால்ட் எடுத்த 'மற்றவர்களிலிருந்து வேறானவர்' எனக்கு இன்னும் முக்கியமான படம். ஆணை நேசிக்கும் வயலின் கலைஞர் ஒருவரை ஒருவன் மிரட்டிப் பணம் பறிக்கிறான். ஜெர்மானியச் சட்டத்தின் 175ஆம் பிரிவு அந்த மிரட்டலுக்குப் பின்பலமாக நிற்கிறது. வழக்கு, சிறை, ஊரார் முகத்திருப்பல், கடைசியில் நஞ்சு. பாலியல் ஆய்வாளர் மாக்னுஸ் ஹிர்ஷ்ஃபெல்ட் இந்தப் படத்தில் தாமே மருத்துவராகத் தோன்றி, நோய் இந்த மனிதரிடம் இல்லை, சட்டத்தில்தான் இருக்கிறது என்ற பொருளில் பேசுகிறார். மறு ஆண்டே படத்துக்குத் தடை வந்தது. இன்று பகுதிகள் மட்டுமே மிஞ்சியிருக்கின்றன. தம் இறையால் பிறக்கும் அச்சம் என்று தொல்காப்பியம் சொன்னதற்கு இதைவிட நேரான திரைச்சான்று எனக்குத் தெரியாது.

1920 பிப்ரவரி 26இல் பெர்லினில் 'டாக்டர் காலிகாரியின் பெட்டகம்' வெளியானது. இயக்கம் ராபர்ட் வீன. எழுதியவர்கள் கார்ல் மாயர், ஹான்ஸ் யானோவிட்ஸ். ஹெர்மன் வார்ம், வால்டர் ரோரிக், வால்டர் ரைமன் என்ற மூவர் துணியிலும் அட்டையிலும் ஊரையே வரைந்து கொடுத்தார்கள். விளக்கு போட்டு நிழல் விழவைப்பதற்குப் பதிலாகப் பல இடங்களில் நிழலையே சுவரில் தீட்டினார்கள். சந்தைக்கு வரும் காலிகாரி, தூக்கத்தில் நடக்கும் சேசரே என்ற இளைஞனைப் பெட்டிக்குள் வைத்துக் காட்டுகிறான். எவ்வளவு நாள் வாழ்வேன் என்று கேட்கும் ஒருவனுக்கு, விடியும்வரை என்று சேசரே பதில் சொல்கிறான். விடிவதற்குள் அவன் கொல்லப்படுகிறான். கதையைச் சொல்லும் ஃபிரான்சிஸ் காலிகாரியைத் துரத்திப் போகிறான். மனநோய் விடுதியின் தலைமை மருத்துவரே அவர் என்று கண்டுபிடிக்கிறான். பிறகு திரை திரும்புகிறது: ஃபிரான்சிஸே அந்த விடுதியின் நோயாளி. தலைமை மருத்துவர் கனிவோடு, இவனை எப்படிக் குணப்படுத்துவது என்று இப்போது தெரிந்துவிட்டது என்கிறார்.

இந்தக் கடைசித் திருப்பத்தைச் சுற்றித்தான் பெரிய விவாதம் நடந்தது. நாஜிகளுக்குத் தப்பி நியூயார்க்கில் வாழ்ந்த சீக்ஃபிரீட் கிராகவர் 1947இல் 'காலிகாரியிலிருந்து ஹிட்லர் வரை' என்ற நூலை எழுதினார். யானோவிட்ஸ் தந்த விவரத்தை நம்பி அவர் சொன்னது இது: மூலக்கதை அதிகாரத்தின் பைத்தியத்தைத் தோலுரித்தது, பின்னால் சேர்த்த சட்டகக் கதை அதைத் தலைகீழாக்கி, அதிகாரத்தை எதிர்த்தவனைப் பைத்தியமாக்கிவிட்டது. பல ஆண்டுகள் இந்த விளக்கமே வேதவாக்காக இருந்தது. காலிகாரியாக நடித்த வெர்னர் கிராவுஸ் வைத்திருந்த திரைக்கதைப் பிரதி பின்னர் பெர்லின் ஆவணக்காப்பகத்துக்கு வந்தபோது, எழுத்தாளர்களின் மூலத்திலேயே ஒரு சட்டகக் கதை இருந்தது தெரிந்தது. அது விடுதிச் சட்டகம் இல்லை, வேறு விதமானது. ஆகவே கிராகவரின் ஆதாரம் ஆட்டம் கண்டது. அவருடைய கேள்வி மட்டும் அசையவில்லை என்பேன். யார் பைத்தியம் என்று சொல்லும் உரிமை யார் கையில் இருக்கிறது? படத்தின் முடிவிலும் சுவர்கள் கோணலாகவே நிற்கின்றன. ஃபிரான்சிஸின் பார்வைதான் கோணல் என்றால், அவன் கதை முடிந்த பிறகு விடுதி ஏன் நேராகவில்லை? இதற்குப் படத்தில் பதில் இல்லை. அதனால்தான் அது இன்றும் உயிரோடு இருக்கிறது.

லோட்டெ ஐஸ்னர் 1952இல் பிரெஞ்சில் எழுதிய நூல் இந்தப் படங்களை மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் நாடகமேடை ஒளியோடும் ஜெர்மானியக் கற்பனாவாத மரபோடும் சேர்த்துப் படித்தது. நிழல்களை அவர் அளவுக்கு நெருங்கிப் பார்த்தவர் இல்லை. ஆன்டன் கேஸ் 2009இல் எழுதிய நூல் எல்லாவற்றையும் போருக்குத் திருப்பிக்கொண்டு போனது: சேசரேயின் விறைத்த உடல் போர் நடுக்கக்காரனின் உடல், காலிகாரி அவனை ஆட்டிவைத்த இராணுவ மருத்துவர் என்று. மூவரையும் படித்தபின் எனக்கு மிஞ்சும் குறை ஒன்றுதான். கிராகவர் நாட்டின் ஆன்மாவைத் தேடினார், ஐஸ்னர் பாணியைத் தேடினார், கேஸ் போரின் காயத்தைத் தேடினார். வீட்டு வாசலில் பக்கத்து வீட்டுக்காரர் சிரிக்கிறாரே, அந்தச் சிரிப்பு ஒரு மனிதரை என்ன செய்கிறது என்பது மூவருக்கும் மையமாக அமையவில்லை.

மன மருத்துவத்தையே கதையாக்கிய படம் ஒன்றும் உண்டு. 1926இல் ஜி. டபிள்யூ. பாப்ஸ்ட் இயக்கிய 'ஓர் ஆன்மாவின் இரகசியங்கள்'. ஃபிராய்டின் நெருங்கிய சகாக்களான கார்ல் ஆபிரகாமும் ஹான்ஸ் ஸாக்ஸும் ஆலோசகர்கள். ஃபிராய்ட் விலகியே நின்றார். தம் கருத்துகள் அருவமானவை, அவற்றைப் படமாகக் காட்ட முடியாது என்பது அவர் எண்ணம். காலிகாரியாக வந்த அதே கிராவுஸ் இதில் ஒரு வேதியியலாளர். பக்கத்து வீட்டில் கொலை நடந்த செய்தி, மனைவியின் உறவினர் கீழ்த்திசையிலிருந்து அனுப்பிய வாள், ஒரு கனவு. அதன்பின் அவரால் கத்தியைத் தொட முடியவில்லை. சாப்பாட்டு மேசையில் ரொட்டி வெட்டும் கத்தியைப் பார்த்துக் கை பின்வாங்குகிறது. ஓர் உணவகத்தில் சாவியை மறந்துவிட்டுப் போகிறார். அங்கே இருந்த மருத்துவர் பின்தொடர்ந்து வந்து சாவியைக் கொடுத்து, உங்கள் வீட்டுக்குள் போக உங்களுக்கு விருப்பமில்லை போலிருக்கிறது என்கிறார். படத்தில் மிக உண்மையான நொடி அதுதான். மீதிப்படம் நோயைத் தீர்த்துவைக்கிறது. வேதியியலாளர் மீன் பிடிக்கிறார், குழந்தையைத் தூக்கிக்கொள்கிறார், எல்லாம் சுபம். மருத்துவர் அன்பானவர், சந்தேகமில்லை. வேதனை முழுவதும் ஒருவரின் கனவுக்குள் அடைக்கப்பட்டுவிட்டதால், வீடும் வேலையும் ஊரும் குற்றமற்றவையாகத் தப்பிவிடுகின்றன.

எளிய மனிதர்களின் பக்கம் திரும்பியவை 'அறைநாடகப் படங்கள்'. லூப்பு பிக்கின் 'சிதறல்கள்', லியோபோல்ட் யெஸ்னரின் 'பின்படிக்கட்டு' இரண்டும் 1921இல் வந்தவை. இரண்டையும் எழுதியவர் கார்ல் மாயர். ரயில்பாதைக் காவலர், வீட்டுவேலை செய்யும் பெண், தபால்காரர். எழுத்துத் தலைப்புகள் மிகக் குறைவு. 'கடைசி மனிதன்' படத்தை எழுதியவரும் மாயர்தான். இந்த ஒரு எழுத்தாளரைத் தொடர்ந்து போனாலே ஜெர்மானிய மௌனப்படம் அச்சத்திலிருந்து இளிவரலுக்கு நடந்துவந்த பாதை தெரிந்துவிடும்.

'கடைசி மனிதன்' படத்தில் நடித்த எமில் யானிங்ஸுக்கு அப்போது வயது நாற்பது. மேலங்கியில் இருக்கும்போது அவர் முதுகு ஒரு சுவர். குடியிருப்பு முற்றத்தில் நடந்து வரும்போது பெண்கள் மாடியிலிருந்து எட்டிப் பார்ப்பார்கள், அவரும் இராணுவத் தளபதிபோல் கையை நெற்றிக்கு உயர்த்துவார். மேலங்கி போனதும் அந்த முதுகு முகத்தைவிட அதிகம் பேசத் தொடங்குகிறது. தோள்கள் முன்னே விழுகின்றன, கைகளுக்கு வைத்துக்கொள்ள இடம் தெரியவில்லை. அன்று வீட்டில் கல்யாணம். ஊர் முன்னால் மேலங்கி இல்லாமல் போய் நிற்க முடியாது. ஓட்டலுக்குள் நுழைந்து அதைத் திருடுகிறார். ஓடிவரும்போது ஓட்டல் கட்டடமே அவர்மேல் சாய்ந்து விழுவதுபோல் தோன்றுகிறது. மறுநாள் வேலைக்குப் போகும் வழியில் ரயில் நிலையப் பொருள் காப்பறையில் மேலங்கியை ஒப்படைக்கிறார், மாலையில் மீட்டு அணிந்துகொண்டு வீடு திரும்புகிறார். இந்த ஒரு ஏற்பாட்டைப் போல மனவேதனையைக் காட்டிய காட்சி எனக்கு வேறெதுவும் நினைவில்லை. உள்ளே உடைந்தவர் வெளியே பழையபடி தெரிய என்னென்ன செய்வார் என்பதை ஒரு காப்பறை மேசையில் வைத்துக் காட்டிவிடுகிறார்கள்.

உறவுக்காரப் பெண் ஒருத்தி பாத்திரத்தில் சாப்பாடு எடுத்துக்கொண்டு ஓட்டலுக்கு வருகிறாள். கழிப்பறைக் கதவு திறக்கிறது. அவர் எட்டிப் பார்க்கிறார். அவள் அலறுவதை நாம் கேட்கவில்லை, காமிரா அவள் முகத்தை நோக்கிப் பாய்கிறது. மாலைக்குள் சேதி வாயிலிருந்து காதுக்கும் காதிலிருந்து முற்றத்துக்கும் பரவிவிடுகிறது. நேற்று வணக்கம் சொன்ன வாய்கள் இன்று திறந்து சிரிக்கின்றன. ஒளிப்பதிவாளர் கார்ல் ஃபிராய்ண்ட் காமிராவை உடம்பில் கட்டிக்கொண்டும் மிதிவண்டியில் வைத்தும் நகர்த்தியதைத் திரைப்பட வரலாறுகள் தொழில்நுட்பச் சாதனையாகப் பேசுகின்றன. எனக்கு அது வேறு காரணத்தால் முக்கியம். காமிரா நகர்வதால் நாம் ஒருமுறை முதியவராக இருக்கிறோம், அடுத்த கணம் அவரைப் பார்த்துச் சிரிக்கும் ஊராராகவும் இருக்கிறோம். மூப்பு, வருத்தம், மென்மை மூன்றும் ஒருவர்மேல் சேர்ந்து விழுவதை இரண்டு பக்கத்திலிருந்தும் பார்க்கவேண்டியிருக்கிறது. படம் உண்மையில் முடிவது கழிப்பறையில். இரவுக் காவலர் ஒருவர் விளக்கோடு வருகிறார். சுவரோரம் சுருண்டிருக்கும் முதியவர்மேல் தம் சொந்த மேலங்கியைப் போர்த்துகிறார். அதன்பின் படத்தின் ஒரே தலைப்பட்டை, ஆசிரியர் இரக்கப்பட்டுச் சேர்த்ததாக அது சொல்லும், முதியவர் செல்வந்தராகிவிடும் முடிவு. அதை நான் படத்தின் பகுதியாக ஏற்பதே இல்லை.

இனிப் புனே. லா காலேஜ் சாலையில் இன்று திரைப்படக் கல்லூரி இருக்கும் இடம் ஒரு காலத்தில் பிரபாத் ஸ்டூடியோ. 1929இல் கோலாப்பூரில் சாந்தாராம், தாம்லே, ஃபத்தேலால் முதலானோர் தொடங்கிய பிரபாத் கம்பெனி 1933இல் புனேக்கு வந்தது. அதற்கு முன்பே மராட்டிய மௌனப்படத்தில் இளிவரலுக்கு ஒரு முன்னோடி உண்டு. பாபுராவ் பெயிண்டர் 1925இல் எடுத்த 'சாவ்காரி பாஷ்'. வட்டிக்காரனிடம் நிலத்தை இழந்து நகரத்து ஆலைக்குக் கூலியாகப் போகும் விவசாயியின் கதை. இளம் விவசாயியாக நடித்தவர் சாந்தாராம். படம் தொலைந்துவிட்டது. தயாரிப்பாளர் ஜே. பி. எச். வாடியா பல ஆண்டுகள் கழித்து நினைவிலிருந்து எழுதிய ஒரு காட்சி மட்டும் நம்மிடம் இருக்கிறது: மங்கிய ஒளியில் தூரத்தில் ஒரு பாழடைந்த குடிசை, அருகே ஊளையிடும் நாய். பேசாப்படத்தில் நாயின் ஊளை. கேட்க முடியாத அந்த ஒலியை ஒருவர் ஆயுள் முழுக்க மறக்கவில்லை என்றால் அந்த ஒளிப்பதிவு எப்படி இருந்திருக்கும் என்று எண்ணி எண்ணி ஏங்குகிறேன்.

ஜெர்மனிக்கும் இந்தியத் திரைக்கும் நேரடி வழியும் இருந்தது. மியூனிக்கைச் சேர்ந்த ஃபிரான்ஸ் ஓஸ்டன் ஹிமான்சு ராயோடு சேர்ந்து 1925இல் 'ஆசிய ஜோதி', 1928இல் 'ஷிராஸ்', 1929இல் 'பிரபஞ்ச பாஷ்' எடுத்தார். அவை அரண்மனையும் யானையுமாக அழகான படங்கள். மனவேதனைக்கு அவற்றில் அதிக வேலை இல்லை. ஓஸ்டனோடு வந்த ஒளிப்பதிவாளர் ஜோசப் விர்ஷிங் பின்னாளில் 1949இல் 'மஹல்' படத்துக்குக் கொடுத்த இருட்டுதான் அந்த வழியில் வந்த உண்மையான கொடை.

சாந்தாராம் வேறு விதமாகப் பெற்றுக்கொண்டார். 'சைரந்திரி' படத்துக்கு வண்ணப் பிரதி போட 1933இல் ஜெர்மனி போனார். வண்ணம் சரியாக வரவில்லை. ஆனால் அவர் திரும்பி வந்து புனே ஸ்டூடியோவில் முதலில் எடுத்த 'அமிர்த மந்தன்' 1934இல் வெளியானபோது, தீப்பந்த ஒளியில் நடக்கும் இரகசியக் கூட்டமும், டெலிஃபோட்டோ லென்ஸில் திரை முழுதும் நிறைந்த பூசாரியின் ஒற்றைக் கண்ணும் அவர் அங்கே என்ன பார்த்திருக்கிறார் என்று சொல்லிவிட்டன. அந்தக் கண் அச்சத்தின் கண். அணங்கும் தம் இறையும் அதில் ஒன்றாக இருந்தன. பலியைத் தடைசெய்த அரசனையே கொல்லத் துணியும் தலைமைப் பூசாரியின் கண் அது.

மூன்றே ஆண்டில் அதே மனிதர் 'குங்கூ' எடுத்தார். இந்தியில் 'துனியா ந மானே'. நாராயண் ஹரி ஆப்தேயின் நாவலைத் தழுவிய 1937ஆம் ஆண்டுப் படம். நீரா என்ற இளம்பெண்ணை ஏமாற்றிக் காகாசாகேப் என்ற வயதான வக்கீலுக்குக் கட்டிவைத்துவிடுகிறார்கள். நீராவாக சாந்தா ஆப்தே, வக்கீலாகக் கேசவராவ் தாத்தே. அவள் அழுது மடியவில்லை, கிணற்றில் விழவில்லை. இந்தக் கல்யாணத்தை ஏற்கமாட்டேன் என்று அதே வீட்டுக்குள் இருந்துகொண்டே மறுக்கிறாள். பின்னணி இசை இல்லாமல் காட்சிக்குள் பிறக்கும் ஒலிகளையே வைத்துப் படத்தை நடத்துகிறார் சாந்தாராம். பேசும் படம் வந்துவிட்ட காலத்தில் மௌனத்தின் வலிமையை மறக்காத ஒருவர் எடுத்த முடிவு அது. கண்ணாடியும் கடிகாரமும் படத்தில் பாத்திரங்களாகவே வாழ்கின்றன. கண்ணாடி முன் நிற்கும் காகாசாகேபுக்குத் தன் மூப்பு தெரிகிறது. அதைச் சொன்னவள் பெண்டாட்டி, நகையாடியது ஊர். இப்போது கண்ணாடியும் அதையே சொல்கிறது.

ஜெர்மானியப் படங்களைத் தாண்டிப் 'குங்கூ' ஓரடி முன்னே போகிறது என்று நான் துணிந்து சொல்வேன். 'கடைசி மனிதன்' படத்தில் முதியவர் முழுக்க முழுக்கப் பாதிக்கப்பட்டவர், நாம் அவருக்காக இரங்கினால் போதும். காகாசாகேப் பாதிக்கப்பட்டவரும் கொடுமை செய்தவரும். அவருடைய இளிவரல் உண்மையானது, ஆனால் அதற்கு விலை கொடுத்துக்கொண்டிருப்பவள் நீரா. படம் இரண்டு வேதனைகளையும் ஒரே வீட்டுக்குள் வைத்து, ஒன்றைக் காட்டி மற்றொன்றை மறைக்காமல் நடக்கிறது. காகாசாகேபின் விதவை மகளாக வரும் சகுந்தலா பராஞ்ச்பே நிஜவாழ்விலும் சமூகப்பணியாளர். அந்த மகள் அப்பாவின் பக்கம் நிற்காமல் தன்னைவிட இளைய சிற்றன்னையின் பக்கம் நிற்கிறாள். இந்த வீட்டில் காலிகாரியின் மருத்துவரும் இல்லை, பாப்ஸ்ட்டின் மருத்துவரும் இல்லை. யாருக்கும் பைத்தியம் என்று பெயர் வைக்கப்படவில்லை. கோணலாக இருப்பது ஒரு கல்யாணம், அதைச் செல்லும் என்று சொன்ன வழக்கம். கடைசியில் காகாசாகேப் தன் உயிரை மாய்த்துக்கொள்கிறார், நீராவுக்கு விடுதலை கொடுத்துவிட்டுப் போகிறார். அந்தச் சாவைத் தீர்வாகக் காட்டியதில் எனக்கு உடன்பாடில்லை. முதியவர்மேல் மேலங்கி போர்த்திய காவலரின் அந்தக் கைக்கு ஈடான ஒன்றை சாந்தாராம் இங்கே வைக்கவில்லை.

அவருக்கே அது உறுத்தியிருக்க வேண்டும். 1939இல் 'மாணூஸ்' எடுத்தபோது, காதல் தோல்வியில் குடித்து அழியும் தேவதாஸ் மரபுக்கு மறுப்பாகவே எடுத்தார். போலீஸ்காரர் கண்பத், பாலியல் தொழிலில் சிக்கிய மைனா. நிழல், மழை, இரவுத் தெரு எல்லாம் ஜெர்மானியத் தெருப்படங்களை நினைவூட்டும். ஆனால் கதை, உடைந்தவன் மறுபடி வேலைக்குத் திரும்பும் இடத்தில் நிற்கிறது.

1944இல் குரு தத் பிரபாத்தில் வேலைக்குச் சேர்ந்தார். பதினைந்து ஆண்டு கழித்து அவர் எடுத்த 'காகஸ் கே பூல்' படத்தில், ஒரு காலத்தில் பெரிய இயக்குநராக இருந்தவர் அதே ஸ்டூடியோவுக்குத் துணைநடிகராக வந்து நிற்கிறார். வி. கே. மூர்த்தியின் காமிரா அந்த வெற்று ஸ்டூடியோவில் ஒளிக்கற்றை ஒன்றை இறக்குகிறது. வேலையிடம், அது தரும் மரியாதை, அது போன பின் அதே இடத்துக்கு வேறு கோலத்தில் திரும்புவது: ஓட்டல் வாசலில் தொடங்கிய கதைதான்.

தமிழுக்கும் இந்த ஸ்டூடியோவோடு ஒரு தொப்புள்கொடி உண்டு. பிரபாத் தயாரித்த தமிழ்ப்படம் 'சீதா கல்யாணம்'. எஸ். ராஜம் இராமர், அவர் தங்கை ஜெயலட்சுமி சீதை, இசை பாபநாசம் சிவன். அதில் தலைகாட்டிய இவர்களின் தம்பி, சிறுவன் பாலசந்தர், பின்னாளில் வீணை எஸ். பாலசந்தராகி 1954இல் ஏவி.எம்.முக்காக 'அந்த நாள்' இயக்கினார். பாட்டே இல்லாத தமிழ்ப்படம். எஸ். மாருதி ராவின் ஒளிப்பதிவில் வெளிச்சத்தைவிட இருட்டு அதிகம் பேசியது. சிறுவயதில் ஒரு ஸ்டூடியோவில் கழித்த நாட்கள்தான் இதற்கெல்லாம் காரணம் என்று நான் கோடு போடமாட்டேன். இருந்தாலும் அந்த இரண்டு படங்களையும் அடுத்தடுத்து நினைக்கும்போது மனம் நிறைகிறது. பிற்காலத் தமிழ்ப்படங்கள் மனம் உடைந்தவரை எப்படிக் காட்டின என்பது தனியே எழுதவேண்டியது. கலைந்த தலை, கிழிந்த சட்டை, கீழ்ப்பாக்கம் என்ற ஊர்ப்பெயரையே வசையாக்கிய நகைச்சுவை. முற்றத்தில் நின்று சிரித்த ஊராரின் இடத்தில் நம்மையும் உட்காரவைத்த படங்கள் அவை. அந்தச் சிரிப்பை நமக்கே காட்டும் படங்கள் மிகக் குறைவு.

லா காலேஜ் சாலையிலேயே தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகமும் இருக்கிறது. 1964இல் தொடங்கியது. பி. கே. நாயர் அதற்காகத் தம் வாழ்நாளைக் கொடுத்தார். இந்தியாவில் ஆயிரத்து முந்நூறுக்கும் மேல் எடுக்கப்பட்ட மௌனப்படங்களில் மிஞ்சியவை சில மட்டுமே. நாகர்கோவில்காரர் சுந்தரராஜ் தயாரித்த 'மார்த்தாண்ட வர்மா' அவற்றில் ஒன்று. நடராஜ முதலியாரின் 'கீசக வதம்' போயே போய்விட்டது. 2003 ஜனவரியில் திரைப்படக் கல்லூரி வளாகத்துச் சேமிப்பறையில் தீப்பிடித்து, பழைய நைட்ரேட் சுருள்கள் ஏராளம் எரிந்தன. நைட்ரேட் பிலிம் தன் மூச்சிலேயே எரியும், தண்ணீர் ஊற்றினாலும் அணையாது. பெர்லின் படங்களும் பல இப்படித்தான் போயின. தொலைந்த ஒரு படத்தில் யாருடைய நடுக்கம், எந்த முற்றத்தின் சிரிப்பு பதிவாகியிருந்தது என்று கேட்க இப்போது வழியில்லை.

எங்கள் குடியிருப்பின் பெரியவர் இரண்டு வருடம் முன்பு காலமானார். கடைசி நாட்களில் யாரிடமும் பேசுவதை விட்டுவிட்டிருந்தார். பக்கத்து வீட்டு மராட்டியப் பையன் மட்டும் மாலையில் போய், 'காகா, இன்னைக்கு என்ன ஷிப்ட்?' என்று கேட்பான். அவன் தமிழ் எங்கள் பிள்ளைகளோடு விளையாடிக் கற்றது. பெரியவர் கொஞ்ச நேரம் யோசித்து, 'செகண்ட்' என்பார். காரியங்கள் முடிந்தபின் அவர் மனைவி அந்தச் சீருடையை எடுத்து வந்து, ஒரு பித்தான் தளர்ந்திருப்பதைப் பார்த்து, வாசற்படியில் உட்கார்ந்து தைத்துவிட்டுத்தான் பெட்டியில் வைத்தார்.